ஹாலிவுட் படமான கில் பில்லுக்குத் தூண்டுதலான ஜப்பானியப் படத்தில் நடித்த மெய்கோ காஜி, அந்த ஒரு படத்தோடு காணாமல் போய்விட்டாரா?

கில் பில் பார்த்துவிட்டு, அதற்குத் தூண்டுதலான லேடி ஸ்னோபிளட் பக்கம் வந்திருப்பீர்கள் என்று நினைக்கிறேன். நானும் அப்படி வந்தவன்தான். ஆனால் உங்கள் கேள்வியில் "ஒரு படத்தோடு" என்று படித்த பிறகு சும்மா தாண்டிப் போக முடியவில்லை.

எங்கள் ஊர் ஃபிலிம் சொசைட்டி ஒன்றில் 1973ல் வந்த அந்தப் படத்தைப் போட்டார்கள். செயலாளர் மைக்கைப் பிடித்து, "இந்தச் சாமுராய் படத்தில் தலைகாட்டிவிட்டு மறைந்துபோன நடிகை" என்றார். நான் எழுந்துவிட்டேன். முதலில், கதை நடப்பது சாமுராய் ஆட்சி ஒழிந்த மெய்ஜி காலத்தில். 1876லேயே பொது இடத்தில் வாள் தரிக்கத் தடை வந்துவிட்டது. படத்தின் நாயகி யூகியின் வாள் இடுப்பில் இல்லாமல் குடைப்பிடிக்குள் இருப்பதை இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். அடுத்து, மெய்கோ காஜி 1965லேயே மசாகோ ஓட்டா என்ற சொந்தப் பெயரில் நிக்கட்சு ஸ்டூடியோவில் சேர்ந்தவர். 1971ல் நிக்கட்சு ஆபாசப் படங்களுக்குத் தாவியதும் டோயே என்ற இன்னொரு ஸ்டூடியோவுக்குப் போய்விட்டார். அங்கேதான் பெண் கைதி ஸ்கார்ப்பியன் வரிசைப் படங்களில் நடித்தார். மூலக் காமிக்ஸில் நாயகி வாயைத் திறந்தால் கெட்ட வார்த்தை. அந்த வசனமெல்லாம் வேண்டாம் என்று சொல்லி, பெரும்பாலும் பேசாமலே நடித்தார். அகலமான கறுப்புத் தொப்பிக்கு அடியிலிருந்து ஒரு முறைப்பு, அவ்வளவுதான்.

பாதி சொல்வதற்குள் "நேரமாச்சு சார்" என்று விளக்கை அணைத்துவிட்டார்கள். அந்த அவசரத்தில் டைட்டிலையும் காட்டாமல் வேகமாகத் தள்ளிவிட்டார்கள். டைட்டிலில்தானே ஐயா அவர் பாடிய பாட்டு வருகிறது! கில் பில்லில் பனிச்சண்டை முடிந்ததும் ஒலிப்பதும் அதே பாட்டுதான்.   

முறைப்பதெல்லாம் நடிப்பா என்று கேட்கக் கிளம்புபவர்கள், 1978ல் யசுசோ மசுமுரா எடுத்த சொனெசாகி காதலர் தற்கொலைக் கதையைப் பார்த்துவிட்டு வாருங்கள். இது சாமுராய் ஆட்சி நடந்த அசல் எடோ காலம். 1703ல் ஒசாகாவில் நடந்ததை வைத்து நாடகாசிரியர் சிகமட்சு பொம்மலாட்டத்துக்கு எழுதியது. சோயா சாஸ் கடைச் சிப்பந்தியைக் காதலிக்கும் கணிகை ஒஹாட்சுவாக காஜி வருகிறார். கையில் வாள் கிடையாது, பழிவாங்கல் கிடையாது, வசனம் மட்டும் கொட்டுகிறது. ஜப்பானிய சினிமா இதழான கினேமா ஜுன்போவின் சிறந்த நடிகை விருது அதற்குத்தான் கிடைத்தது. அப்புறம் 1989ல் ஆரம்பித்த ஒனிஹெய் டிவி தொடரில் ஒமசா என்ற பாத்திரம். திருட்டுக் கும்பலோடு பழகியவள், மனதுக்குப் பிடித்த அதிகாரிக்காக அதே கும்பல்களுக்குள் புகுந்து உளவு சொல்கிறாள். 2016ல் அந்தத் தொடர் முடியும்வரை அந்தப் பாத்திரத்தில் இருந்தார். இதற்குப் பெயர் காணாமல் போவதா?

ஸ்கார்ப்பியனில் முதல் மூன்றைப் பார்த்தால் போதும். நாலாவதில் இயக்குநர் மாறிவிட்டார்.