நடு ஓட்டையில் நிற்க வேண்டிய பெல்ட்

சென்ற இதழில் தோல் செருப்பு, ஷூ பராமரிப்பு பற்றி எழுதியிருந்தேன். அதைப் படித்த வாசகர்களில் பலர் பெல்ட்டின் அளவு பற்றிக் கேட்டு எழுதியுள்ளனர். ஆம்பூர், வாணியம்பாடி, பேர்ணாம்பட்டு, மேல்விஷாரம், ராணிப்பேட்டை என்று தோலோடு வாழும் ஊர்கள் சூழ்ந்த பகுதி நம்முடையது. இங்கே தோல் வெட்டும் பிரிவில் பல ஆண்டுகள் வேலை பார்த்தவன் என்ற முறையில், நல்ல தோலில் செய்த பெல்ட் அளவு தவறியதால் பீரோவில் சுருண்டு கிடப்பதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு மனம் கேட்பதில்லை. அதனால் இந்த இதழின் பக்கங்களை முழுக்கப் பெல்ட்டுக்கே ஒதுக்கியிருக்கிறேன்.

நான் 34 அளவு பேண்ட் அணிகிறேன். இணையத்தில் 34 என்று போட்டிருந்த பெல்ட்டை வாங்கினேன். கடைசி ஓட்டையில்தான் மாட்ட முடிந்தது. பிறகு பழைய பெல்ட்டை நுனி முதல் நுனி வரை அளந்தேன். 42 அங்குலம் இருந்ததால் 42 வாங்கினேன். அது முதல் ஓட்டையில் மாட்டியும் நழுவுகிறது. எதுதான் என் அளவு?
— வாசகர், சத்துவாச்சாரி

உங்கள் அளவு 36. இரண்டு முறையும் நீங்கள் கவனமாகத்தான் இருந்திருக்கிறீர்கள். பெல்ட்டில் எந்த இடத்திலிருந்து எந்த இடம் வரை அளப்பது என்பதை யாரும் உங்களுக்குச் சொல்லவில்லை, அவ்வளவுதான்.

பெல்ட்டின் அளவு என்பது அதன் முழு நீளம் அன்று. பக்கிள் கம்பியில் தோல் மடிந்து திரும்பும் இடத்திலிருந்து நடு ஓட்டை வரை உள்ள தூரமே அளவு. பெரும்பாலான பெல்ட்டுகளில் ஒரு அங்குல இடைவெளியில் ஐந்து ஓட்டைகள் இருக்கும். ஆகவே 36 அளவுள்ள பெல்ட்டை 34 அங்குலம் முதல் 38 அங்குலம் வரை மாட்டலாம். நடு ஓட்டைக்கு அப்பால் மேலும் இரண்டு ஓட்டைகளும், அவற்றைத் தாண்டி நுனி வரை நான்கு அங்குலத்தை ஒட்டிய தோலும் இருப்பதால், முழு நீளம் எப்போதும் அளவைவிட ஏறத்தாழ 6 அங்குலம் கூடுதலாகவே இருக்கும். நீங்கள் அளந்த 42 அங்குலப் பழைய பெல்ட் உண்மையில் 36 அளவுப் பெல்ட்தான்.

பேண்ட் 34 ஆக இருக்கும்போது பெல்ட் ஏன் 36 ஆக வேண்டும் என்று நீங்கள் கேட்கலாம். பெல்ட் உடம்பைச் சுற்றுவதில்லை. உள்ளே செருகிய சட்டையையும் பேண்ட்டின் இடுப்புப் பட்டியையும் சேர்த்துச் சுற்றுகிறது. துணிகளின் கனமும் பெல்ட்டின் கனமும் சேர்ந்து 5 மில்லிமீட்டர் என்று வைத்துக்கொண்டால், சுற்றளவில் 31 மில்லிமீட்டர், அதாவது கிட்டத்தட்ட ஒன்றேகால் அங்குலம் கூடிவிடும். இதோடு இன்னொன்றும் உண்டு. 34 என்று சீட்டு ஒட்டிய பேண்ட்டை டேப் வைத்து அளந்தால் 35, சிலவற்றில் 36 கூட இருக்கும். இவை இரண்டுக்குமாகத்தான் பேண்ட் அளவோடு 2 அங்குலம் கூட்டுவது என்ற வழக்கம் வந்தது.

கடையில் 85, 90, 95, 100 என்று எழுதியிருந்தால் அது சென்டிமீட்டர். உங்களுக்கு 90 பொருந்தும். அதன் நடு ஓட்டை 35.4 அங்குலத்தில் வரும். இணையத்தில் வாங்கும்போது, விற்பவர் எண்ணைப் பேண்ட் அளவாகச் சொல்கிறாரா, நடு ஓட்டை வரையிலான நீளமாகச் சொல்கிறாரா, முழு நீளமாகச் சொல்கிறாரா என்பதை அளவுப் பட்டியலில் பார்த்த பிறகே பணம் கட்டுங்கள். பட்டியலே போடாத இடத்தில் வாங்க வேண்டாம் என்பது என் கருத்து.

அப்பாவுக்கு அறுபதாம் கல்யாணம் வருகிறது. அவருக்குத் தெரியாமல் ஒரு நல்ல தோல் பெல்ட் வாங்கி வைக்க நினைக்கிறேன். அவரிடம் கேட்காமல் அளவு எப்படி எடுப்பது?
— வாசகி, குடியாத்தம்

அவருடைய பழைய பெல்ட் வீட்டில் இருக்குமல்லவா? அதை வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். ஓட்டைகளில் ஒன்று மட்டும் வட்டமாக இல்லாமல் நீள்வட்டமாக இழுபட்டிருக்கும். அந்த இடத்தில் தோலின் குறுக்கே பக்கிள் அழுத்திய கோடு பதிந்து, நிறமும் சற்றுக் கருத்திருக்கும். அப்பா தினமும் மாட்டுவது அந்த ஓட்டையைத்தான். பெல்ட்டை மேசைமீது நேராக வைத்து, பக்கிள் கம்பியிலிருந்து அந்த ஓட்டை வரை அளந்துகொள்ளுங்கள். அந்த எண் 39 என்று வந்தால் புதியதை 40 ஆக வாங்குங்கள். அரை அங்குலம், ஒரு அங்குலம் முன்பின் இருந்தாலும் ஓட்டைகள் ஈடுகட்டிவிடும். இரண்டு ஓட்டைகளில் தேய்மானம் தெரிந்தால், எதில் கோடு புதிதாக இருக்கிறதோ அதுதான் இன்றைய இடுப்பு.

பெல்ட் கிடைக்காவிட்டால், அவர் இப்போது அணியும் பேண்ட் ஒன்றைப் பொத்தான் போட்டுத் தரையில் விரித்து, இடுப்புப் பட்டியை ஒரு முனையிலிருந்து மறு முனை வரை அளந்து இரட்டிப்பாக்கி, அதோடு ஒரு அங்குலம் கூட்டுங்கள். இங்கே இரண்டு கூட்டக் கூடாது. சீட்டில் உள்ள எண்ணை விட்டுவிட்டுத் துணியையே அளந்துவிட்டீர்கள் அல்லவா.

பெரும்பாலும் வேட்டி கட்டுபவராக இருந்தால், நம் பக்கத்து வியாபாரிகள் கட்டும் பை வைத்த அகலமான பச்சை பெல்ட்டுக்கு இந்தக் கணக்கு பொருந்தாது. அது வேட்டி மடிப்புகளின் மேலே உட்காருவதால், வேட்டி கட்டிய நிலையில் சுற்றி அளப்பதுதான் ஒரே வழி.

எனக்குத் தொப்பை உண்டு. பெல்ட்டை இறுக்கினால் சாப்பிட்டதும் நெஞ்சு எரிகிறது. தளர்த்தினால் பேண்ட் இறங்குகிறது. சில நாட்களாக வலது தொடையின் வெளிப்புறம் மரத்துப்போவது போலவும் இருக்கிறது. பெல்ட்டுக்கும் இதற்கும் தொடர்பு உண்டா?
— வாசகர், ஆற்காடு

உண்டு என்பதால்தான் உங்கள் கடிதத்துக்கு விரிவாகப் பதில் எழுதுகிறேன். வயிற்றை வெளியிலிருந்து அழுத்தினால், உள்ளே இரைப்பையில் அழுத்தம் கூடி அமிலம் மேலே உணவுக்குழாய்க்கு ஏறும். நெஞ்செரிச்சல் வருவது அதனால்தான். தொடை மரத்துப்போவது வேறு வழியில் வருகிறது. தொடையின் வெளிப்புறத் தோலுக்கு உணர்ச்சி தரும் நரம்பு, இடுப்பெலும்பின் முன்முனையை ஒட்டி இறங்குகிறது. தொப்பையின் கீழே இறுக்கமாகக் கட்டும் பெல்ட் அந்த இடத்தில் நரம்பை நசுக்கினால் மரத்துப்போதல், எரிச்சல், ஊசி குத்துவது போன்ற உணர்வு ஆகியவை தோன்றும். பெல்ட்டைத் தளர்த்திய சில நாட்களில் பலருக்கு இது குறையும். ஆனால் மரத்துப்போவதற்கு நீரிழிவு உட்பட வேறு காரணங்களும் இருப்பதால், பெல்ட்டை மட்டும் குறை சொல்லிவிட்டு இருந்துவிடாமல் மருத்துவரிடம் ஒருமுறை காட்டிவிடுங்கள்.

இனி பெல்ட்டுக்கு வருவோம். நின்றுகொண்டு அளவு பார்ப்பதுதான் எல்லோரும் செய்யும் தவறு. உட்காரும்போது வயிறு முன்னே தள்ளி, இடுப்புச் சுற்றளவு கூடுகிறது. ஆகவே கடையில் பெல்ட்டை மாட்டிக்கொண்டு ஒரு நாற்காலியில் உட்கார்ந்து பாருங்கள். உட்கார்ந்த நிலையில் பெல்ட்டுக்கும் வயிற்றுக்கும் நடுவே இரண்டு விரல்கள் சிரமமின்றி நுழைய வேண்டும். நுழையவில்லையென்றால், நிற்கும்போது எவ்வளவு எடுப்பாக இருந்தாலும் அந்த அளவு உங்களுக்கு வேண்டாம்.

ஒரு அங்குலத்துக்கு ஒன்றாக உள்ள ஓட்டைகள் உங்களைப் போன்றவர்களுக்குப் பல நேரம் போதாது; ஒன்றில் இறுக்கம், அடுத்ததில் தளர்ச்சி என்று இருக்கும். ஓட்டையே இல்லாமல், உள்பக்கம் பல்பட்டி தைத்து, ‘கிளிக்’ என்று பூட்டிக்கொள்ளும் ஆட்டோ லாக் பெல்ட் கால் அங்குலம் அளவுக்கு நகரும். மதியம் சாப்பிட உட்காரும்போது இரண்டு பல் தளர்த்திக்கொள்ளலாம். அதிலும் ஒரு கவனம் வேண்டும்: பல்பட்டியின் நடுப்பகுதியில் பூட்டும்படி நீளத்தை வெட்டிக்கொண்டால்தான் இரண்டு பக்கமும் இடம் இருக்கும். இத்தனைக்குப் பிறகும் பேண்ட் இறங்கினால், குறை பேண்ட்டில் இருக்கிறது. தையற்காரரிடம் கொடுத்து இடுப்பைப் பிடிக்கச் சொல்லுங்கள். பேண்ட்டை இடுப்பில் நிறுத்துவது பெரும்பாலும் பேண்ட்டின் வேலை. முழுச் சுமையையும் பெல்ட்டின் மேல் ஏற்றினால் அதை வயிறுதான் தாங்க வேண்டியிருக்கும்.

கோடை வந்தாலே தொப்புளுக்குக் கீழே அரிப்பும் கருப்புத் திட்டும் வருகின்றன. பெல்ட் இறுக்கம் காரணமா?
— வாசகர், வாலாஜாபேட்டை

நீங்கள் சொல்லும் இடம் பக்கிளின் பின்புறம் படும் இடம். மலிவான பக்கிள்களின் முலாமில் நிக்கல் கலந்திருக்கும்; நம் ஊர் மே மாத வியர்வையில் அது கரைந்து தோலில் பட்டால், நிக்கல் ஒவ்வாமை உள்ளவர்களுக்கு இப்படித்தான் தடிக்கும். இறுக்கம் அதைக் கூட்டுமே தவிர, அதுவே காரணம் அன்று. பனியனை உள்ளே செருகி, பக்கிள் உடம்பில் படாமல் பார்த்துக்கொள்ளுங்கள். நிக்கல் இல்லாத பக்கிள் என்று கேட்டு வாங்குங்கள். திட்டு மறையாவிட்டால் தோல் மருத்துவரைப் பாருங்கள்.

நேர்முகத் தேர்வுக்குப் போகிறேன். ஜீன்ஸுக்குப் போடும் பெல்ட்டையே ஃபார்மல் பேண்ட்டுக்கும் போடலாமா?
— மாணவர், காட்பாடி

வேண்டாம். ஜீன்ஸ் பெல்ட் பொதுவாக 38 முதல் 40 மில்லிமீட்டர் அகலம் இருக்கும். ஃபார்மல் பேண்ட்டின் லூப்பில் அதைத் திணித்தால் லூப் பிதுங்கும், இடுப்புப் பட்டியும் சுருங்கும். 30 முதல் 35 மில்லிமீட்டர் அகலத்தில், ஷூவின் நிறத்தோடு ஒத்துப்போகும் பெல்ட் ஒன்று எடுத்துக்கொள்ளுங்கள். மாட்டிய பிறகு நுனி, பக்கிளைத் தாண்டி இடப்பக்கத்து முதல் லூப்புக்குள் நுழைந்து நின்றால் நீளம் சரி.

உடல் மெலிந்ததால் பெல்ட்டில் ஆணியைச் சூடாக்கி இரண்டு ஓட்டைகள் போட்டேன். அவை கிழியத் தொடங்கிவிட்டன. இன்னொரு பெல்ட் வாங்கி ஒரு வருடத்துக்குள் மேலே உரிந்து, நீளமும் கூடிவிட்டது. தோல் பெல்ட் என்றுதான் விற்றார்கள். என்ன செய்வது?
— வாசகர், வாணியம்பாடி

முதலில் ஓட்டை. சூடான ஆணி தோலை வெட்டுவதில்லை, பொசுக்குகிறது. பொசுங்கிய விளிம்பு காய்ந்து மொறுமொறுப்பாகி, பக்கிள் ஊசி இழுக்கும்போது அங்கிருந்தே விரிசல் ஓடும். ஓட்டையைப் பஞ்ச் வைத்துத்தான் போட வேண்டும். அது வட்டத் துண்டைச் சுத்தமாக வெட்டி எடுத்துவிடும். செருப்பு தைப்பவரிடம் கொடுத்தால், பழைய ஓட்டைகளின் நேர்கோட்டில், அதே ஒரு அங்குல இடைவெளியில் போட்டுத் தருவார்.

ஆனால் இரண்டு ஓட்டைகளுக்கு மேல் தேவைப்பட்டால் ஓட்டை போடாதீர்கள், நீளத்தைக் குறையுங்கள். வெட்ட வேண்டியது பக்கிள் பக்கத்தில். நுனியை வெட்டினால் அதன் வடிவமும் தையலும் போய்விடும், ஓட்டைகளும் இருக்க வேண்டிய இடத்தில் இருக்கமாட்டா. இப்போது நீங்கள் மாட்டும் இடத்துக்கும் நடு ஓட்டைக்கும் எத்தனை அங்குலமோ, அத்தனை அங்குலத்தைப் பக்கிள் பக்கத்தில் கழிக்க வேண்டும். பக்கிள் திருகாணியில் அல்லது கவ்வும் பல்லில் நின்றால் வீட்டிலேயே கழற்றி வெட்டிவிடலாம். தைத்த பக்கிளாக இருந்தால், தையலைப் பிரித்து, மடியும் இடத்தின் உள்பக்கத்தைச் சீவி மெலிதாக்கி, ஊசிக்கு நீள ஓட்டை போட்டுத் திரும்பத் தைக்க வேண்டும். அதைப் பழகிய கையிடம் விட்டுவிடுங்கள்.

உரிந்துபோன பெல்ட் பெரும்பாலும் தோல்தூளைப் பசையில் குழைத்துத் தகடாக்கி, மேலே பிளாஸ்டிக் பூச்சு ஏற்றியதாக இருக்கும். அதிலும் தோல் இருக்கிறது என்பதால் தோல் என்றே விற்கிறார்கள். வாங்குபவருக்கு அது செய்யும் நியாயமா என்று கேட்டால், இல்லை என்றே சொல்வேன். வாங்கும்போது ஓரத்தைப் பாருங்கள். முழுத் தோலாக இருந்தால் நார் நாராக ஒரே உடம்பாகத் தெரியும்; ஒட்டுப் பெல்ட்டில் மெல்லிய அடுக்குகள் தெரியும். உள்பக்கமாக மடித்து அழுத்துங்கள்: நல்ல மேல்தோலில் மெல்லிய சுருக்கங்கள் விழுந்து, விட்டதும் மறையும், பூச்சு மட்டும் உள்ளதில் ஒரே கோடாக மடிப்பு நிற்கும்.

நீளம் கூடுவதற்குக் காரணம், மாட்டின் உடலில் எந்த இடத்துத் தோல் என்பது. முதுகெலும்பை ஒட்டிய தோல் நெருக்கமான நார் கொண்டது, அதிகம் இழுபடாது. வயிற்றுப் பக்கத்துத் தோல் இளகி நீளும். பெல்ட்டை முதுகுப் பக்கத்திலிருந்து நீளவாக்கில் வெட்டுவது அதனால்தான். பதனிடும் முறைக்கும் இதில் பங்கு உண்டு. நம் வடஆற்காட்டில் முற்காலத்தில் ஆவாரம்பட்டையிலும் கடுக்காயிலும் வாரக்கணக்கில் ஊற வைத்துத் தோலைப் பதனிட்டார்கள். பின்னாளில் வாட்டில் என்ற மரத்தின் பட்டை வந்தது. அப்படிப் பட்டையில் பதனிட்ட தோல் விறைப்பாக நின்று, இடுப்பின் வளைவை மெல்ல வாங்கிக்கொள்ளும். குரோம் உப்பில் பதனிட்ட தோல் மென்மையானது. பைக்கும் ஷூவின் மேல்பகுதிக்கும் அருமையாக இருக்கும், பெல்ட்டுக்கு உள்ளே ஒரு விறைப்பான பட்டி கொடுக்காவிட்டால் தொய்யும். எதுவானாலும், வீட்டுக்கு வந்ததும் பெல்ட்டைப் பேண்ட்டிலிருந்து உருவி, பக்கிளை மேலாக வைத்துத் தொங்கவிடுங்கள். வியர்வையில் நனைந்திருந்தால் நிழலில் உலர்த்துங்கள்.

பட்டுப்புடவைக்கு ஆரி வேலை செய்த இடுப்பு பெல்ட் தைக்கக் கொடுக்கப் போகிறேன். பாவாடை கட்டும் அளவையே கொடுக்கலாமா?
— வாசகி, திருப்பத்தூர்

கொடுக்காதீர்கள். பட்டின் கொசுவமும் முந்தானைச் சுற்றும் சேர்ந்தால் இடுப்பில் பல மடிப்புகள் வந்துவிடும். அன்று கட்டப்போகும் புடவையையே முழுதாகக் கட்டி, மடிப்புக்கு ஊக்கு குத்தி, பெல்ட் உட்காரும் இடத்தில் டேப்பைச் சுற்றி, ஒருமுறை உட்கார்ந்து எழுந்த பிறகு வரும் எண்ணைக் கொடுங்கள். பின்பக்கம் ஒரே ஊக்கு வேண்டாம்; ஒரு அங்குல இடைவெளியில் மூன்று ஊக்கு வளையங்கள் வைக்கச் சொல்லுங்கள். முகூர்த்தத்தின்போது ஒன்றிலும், பந்தியில் உட்காரும்போது அடுத்ததிலும் மாட்டிக்கொள்ளலாம்.