ப்ளே அழுத்தியும் கேம் திறக்கவில்லையா? விண்டோஸை அழிப்பதற்கு முன்னால் இதைப் படியுங்கள்

கேள்வி: என் லேப்டாப்பில் விண்டோஸ் 11 இருக்கிறது. ஸ்டீம் என்ற கேம் விற்கும் தளத்தில் வாங்கிய ஒரு கேமுக்கு ப்ளே பட்டனை அழுத்தினால் அது ஸ்டாப் என்று மாறுகிறது. சில நொடிகளில் மறுபடி ப்ளே ஆகிவிடுகிறது. திரை கறுப்பாகக்கூட மாறுவதில்லை, எந்தச் செய்தியும் வருவதில்லை. மற்ற கேம்கள் ஒழுங்காக ஓடுகின்றன. இரண்டு முறை நீக்கிவிட்டுத் திரும்ப இன்ஸ்டால் செய்து பார்த்துவிட்டேன். விண்டோஸையே புதிதாகப் போட்டுவிடலாமா?

பதில்: வேண்டாம். மற்ற கேம்கள் ஓடுகின்றன என்று நீங்களே சொல்லிவிட்டீர்கள். அப்படியானால் கோளாறு அந்த ஒரு கேமுக்கும் உங்கள் கணினியில் உள்ள ஏதோ ஒன்றுக்கும் நடுவில்தான் இருக்கிறது. அதற்காக மொத்தத்தையும் துடைத்துப் போடுவது அநாவசிய வேலை.

கேமைத் திரும்ப இன்ஸ்டால் செய்ததில் பலன் கிடைக்காததும் ஆச்சரியம் இல்லை. நீக்கும்போது கேமின் ஃபோல்டர் மட்டும்தான் போகும். செட்டிங்ஸ் கோப்புகள், கிராபிக்ஸ் டிரைவர் (கிராபிக்ஸ் சில்லை இயக்கும் மென்பொருள்), கேமுக்குத் துணையாக இருக்கும் மைக்ரோசாஃப்ட் கோப்புகள் எல்லாம் வேறு இடங்களில் பத்திரமாக உட்கார்ந்திருக்கும். கேமின் கோப்பு கெட்டுப்போயிருக்குமோ என்று சந்தேகம் வந்தால், ஸ்டீமில் கேமின் பெயர் மேல் ரைட் கிளிக் செய்து ப்ராப்பர்ட்டீஸ், அதில் இன்ஸ்டால்டு ஃபைல்ஸ், அதில் வெரிஃபை. கெட்ட கோப்பை மட்டும் அது இறக்கிக்கொள்ளும். ஐம்பது, நூறு ஜிபியைத் திரும்பத் திரும்ப இறக்க வேண்டியதில்லை.

இணையத்தில் இந்தப் பிரச்சினைக்கு இருபது வைத்தியம் சொல்வார்கள்: டிரைவரை மாற்று, ஆன்டிவைரஸை அணை, அட்மினிஸ்ட்ரேட்டராக ஓட்டு. ஒவ்வொன்றும் யாருக்கோ பலித்ததுதான். ஆனால் எது உங்களுக்கானது என்று தெரியாமல் எல்லாவற்றையும் செய்து பார்த்தால் கடைசியில் எதை மாற்றினோம் என்பதே மறந்துபோகும். கேம் எப்படி விழுந்தது, அதாவது எதனால் திடீரென நின்றது என்பதை விண்டோஸ் பெரும்பாலும் எழுதி வைத்திருக்கும். முதலில் அதைப் படியுங்கள்.

ப்ளேயை அழுத்தி, கேம் மூடியவுடன் ஸ்டார்ட் தேடலில் ஈவென்ட் வியூவர் என்று தேடித் திறங்கள். இடப்பக்கம் விண்டோஸ் லாக்ஸ், அதன் கீழ் அப்ளிகேஷன். நீங்கள் ப்ளே அழுத்திய நேரத்துக்கு நேராகச் சிவப்புக் குறியோடு அப்ளிகேஷன் எரர் என்று ஒரு வரி, ஈவென்ட் எண் 1000 என்று இருக்கும். சுற்றிலும் வேறு சிவப்பு வரிகளும் நிறைய இருக்கும், மிரளாதீர்கள். நல்ல கணினியிலும் அப்படித்தான். அந்த ஒரு வரியைக் கிளிக் செய்து கீழே பாருங்கள். ஃபால்ட்டிங் மாட்யூல் என்ற இடத்தில் ஒரு கோப்பின் பெயரும், எக்ஸெப்ஷன் கோட் என்ற இடத்தில் நீளமான ஒரு குறியீடும் இருக்கும். நமக்கு வேண்டியது இந்த இரண்டும்தான்.

குறியீட்டின் கடைசி நான்கு எழுத்துகளைப் பாருங்கள். 0135 என்றால் கேமுக்குத் தேவையான ஒரு டிஎல்எல் கோப்பு (நிரல்கள் பகிர்ந்துகொள்ளும் துணைக்கோப்பு) கணினியில் இல்லை. 007பி என்றால் பெரும்பாலும் 32 பிட் கோப்பு இருக்க வேண்டிய இடத்தில் 64 பிட் கோப்பு, அல்லது தலைகீழாக. யாரோ ஒரு டிஎல்எல்லை எங்கிருந்தோ இறக்கித் தவறான ஃபோல்டரில் போட்டிருக்கலாம். 001டி என்றால் உங்கள் ப்ராசஸருக்குத் தெரியாத ஒரு கட்டளையைக் கேம் கொடுக்கிறது. உதாரணத்துக்கு, ஏவிஎக்ஸ் என்ற கட்டளைத் தொகுப்பு 2011ல்தான் சாதாரணக் கணினிகளுக்கு வந்தது. அதற்கு முந்தைய ப்ராசஸர்களிலும், பிறகு வந்த சில பென்டியம், செலரான் ரகங்களிலும் அது கிடையாது. அந்த நிலையில் செட்டிங்ஸை மாற்றிப் பயனில்லை. கேமைத் தயாரித்தவர்கள் மாற்றுப் பதிப்பு கொடுத்தால்தான் உண்டு.

எல்லாவற்றையும்விட அதிகம் வருவது 0005. கேம் தனக்கு உரிமையில்லாத நினைவகப் பகுதியைத் தொட்டது என்று பொருள். இது மட்டும் தெரிந்தால் போதாது, மாட்யூலின் பெயரையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். பெயர் என்வி என்ற எழுத்துகளில் தொடங்கினால் என்விடியா டிரைவர், ஏடிஐ அல்லது ஏஎம்டி என்றால் ஏஎம்டி டிரைவர், ஐஜிடி என்றால் இன்டெல் டிரைவர். ஆர்டிஎஸ்எஸ் என்று தொடங்கினால் ரிவாட்யூனர், எஃப்பிஎஸ் (நொடிக்கு எத்தனை படம்) காட்டும் ஒரு கருவி. பெயரில் ஓவர்லே என்றோ ஹுக் என்றோ வந்தால், கேமின் மேல் எதையாவது காட்டுவதற்காக நுழையும் ஒரு நிரல். டிஸ்கார்ட், ஸ்டீம், எஃப்பிஎஸ் காட்டும் கருவிகள் எல்லாம் இந்த வகை. அவற்றை அணைத்துவிட்டு ஓட்டிப் பாருங்கள். ஒரு நிமிட வேலை. என்டிடிஎல்எல், கெர்னல்பேஸ் என்ற பெயர்களைப் பார்த்துவிட்டு மட்டும் விண்டோஸே கெட்டுவிட்டது என்று முடிவுக்கு வந்துவிடாதீர்கள். யார் தவறு செய்தாலும் கடைசியில் விழும் இடம் அதுதான்.

டிஎல்எல் இல்லை என்ற வகையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இதில்தான் ஆட்கள் ஆபத்தான காரியம் செய்கிறார்கள். இப்படி ஒரு கோப்பு இல்லையென்றால் வழக்கமாக ஒரு சிறிய பெட்டி வந்து பெயரைச் சொல்லும். ஸ்டீம் வழியாகத் திறக்கும்போது சில சமயம் அது கேமைத் திறந்துவிடும் நிரலான லான்சருக்குப் பின்னால் மறைந்துவிடும். அதனால் கேமின் ஃபோல்டருக்குப் போய் எக்ஸ்இ கோப்பை (கேமை ஓட்டும் கோப்பு) நேரடியாக இரண்டு முறை கிளிக் செய்து பாருங்கள். விசிரன்டைம் அல்லது எம்எஸ்விசிபி என்று தொடங்கும் பெயர் வந்தால், மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்ற துணைக்கோப்புத் தொகுப்பு இல்லை அல்லது பழையது. பெயரின் கடைசியில் உள்ள எண் எந்த ஆண்டின் தொகுப்பு என்பதைச் சொல்லிவிடும்: 100 என்றால் 2010, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. 140 என்றால் 2015 முதல் 2022 வரை எல்லாவற்றுக்கும் ஒரே தொகுப்பு. நடுவில் 130ஐ மைக்ரோசாஃப்ட் தாண்டிக் குதித்துவிட்டது, தேடாதீர்கள். உங்கள் விண்டோஸ் 64 பிட் என்றாலும் எக்ஸ்86, எக்ஸ்64 இரண்டையும் போடுங்கள், 32 பிட் கேம்களுக்கு முதலாவதுதான் வேண்டும்.

டி3டிஎக்ஸ்9 என்றோ எக்ஸ்இன்புட்1_3 என்றோ பெயர் வந்தால் அது டைரக்ட்எக்ஸ், கேம்கள் கிராபிக்ஸோடு பேச உதவும் மைக்ரோசாஃப்ட் தொகுப்பு. 'என் கணினியில் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கிறதே' என்பீர்கள். இருக்கும். ஆனால் பழைய கேம்கள் கேட்கும் இந்தத் துணைக்கோப்புகள் அதில் அடங்காது. மைக்ரோசாஃப்ட் 2010 ஜூனில் வெளியிட்ட டைரக்ட்எக்ஸ் எண்ட் யூசர் ரன்டைம் தொகுப்பைத் தனியாகப் போட வேண்டும். அது இப்போதுள்ள டைரக்ட்எக்ஸைக் கெடுக்காது. எம்எஃப்பிளாட் என்ற பெயர் வந்தால் உங்களிடம் இருப்பது பெரும்பாலும் விண்டோஸின் 'என்' (N) பதிப்பு, மீடியா வசதிகள் இல்லாமல் வருவது. செட்டிங்ஸில் ஆப்ஷனல் ஃபீச்சர்ஸ் பகுதியில் மீடியா ஃபீச்சர் பேக் சேர்த்தால் சரியாகிவிடும்.

டிஎல்எல் கோப்பை மட்டும் தனியாகத் தரும் தளங்கள் பக்கமே போகாதீர்கள். யார் தொட்ட கோப்பு, எந்தப் பதிப்பு, உள்ளே என்ன வைத்திருக்கிறார்கள், எதுவும் தெரியாது. மேலே சொன்ன 007பி பிழையில் நிறைய இப்படி வந்து சேர்ந்ததுதான்.

சரி, ஈவென்ட் வியூவரில் அந்த நேரத்துக்கு ஒன்றுமே இல்லையென்றால்? பெரும்பாலும் கேம் விழவில்லை, எதையோ பார்த்துவிட்டுத் தானாகவே மூடிக்கொண்டது என்று அர்த்தம். அப்போது கேமின் சொந்த லாக்தான் (கேம் தானே எழுதி வைக்கும் குறிப்பு) கதி. யூனிட்டி, அன்ரியல் என்பவை கேம்களை உருவாக்கும் மென்பொருள்கள். யூனிட்டியில் செய்த கேம் என்றால் உங்கள் யூசர் ஃபோல்டருக்குள் ஆப்டேட்டா, அதில் லோக்கல்லோ, அதில் நிறுவனத்தின் பெயர், கேமின் பெயர், உள்ளே பிளேயர் என்ற லாக் கோப்பு. அன்ரியல் என்றால் ஆப்டேட்டா, லோக்கல், கேமின் பெயர், சேவ்டு, லாக்ஸ். ஆப்டேட்டா மறைந்திருக்கும் ஃபோல்டர், எக்ஸ்ப்ளோரரில் ஹிட்டன் ஐட்டம்ஸைக் காட்டச் சொல்லுங்கள். லாக்கை நோட்பேடில் திறந்து, கடைசி வரியைவிட எரர் என்ற சொல் முதன்முதலில் வரும் இடத்தைப் பாருங்கள். பின்னால் வருவதெல்லாம் பெரும்பாலும் அதன் விளைவு.

யூனிட்டி லாக்கின் ஆரம்பத்திலேயே ரெண்டரர் என்று ஒரு வரி இருக்கும், அதற்கு நேராக ஒரு கிராபிக்ஸின் பெயர். உங்களுடையது லேப்டாப் என்பதால் இந்த வரி முக்கியம். கேமிங் லேப்டாப்பில் பெரும்பாலும் இரண்டு கிராபிக்ஸ் இருக்கும்: ப்ராசஸரோடு சேர்ந்தது ஒன்று, தனியாக உள்ளது ஒன்று. பேட்டரியை மிச்சம் பிடிக்கிறேன் என்று விண்டோஸ் சில கேம்களைச் சின்னதில் தள்ளிவிடும், கேமோ அதைப் பார்த்துவிட்டுத் தேவையான வசதி இல்லை என்று சத்தமில்லாமல் மூடிக்கொள்ளும். மற்ற கேம்கள் ஓடி இது மட்டும் ஓடாததற்கு என் முதல் சந்தேகம் இதன் மேல்தான். செட்டிங்ஸ், சிஸ்டம், டிஸ்ப்ளே, கிராபிக்ஸ் என்று போய் கேமின் எக்ஸ்இ கோப்பைச் சேர்த்து ஹை பெர்ஃபார்மன்ஸ் என்று வையுங்கள். லான்சரின் எக்ஸ்இயைச் சேர்த்துவிட்டுப் பலனில்லை என்று சொல்பவர்கள் உண்டு. கேமின் கோப்பைச் சேர்க்க வேண்டும்.

டிரைவரை மாற்றுவதாக இருந்தால் என்விடியா, ஏஎம்டி, இன்டெல் தளங்களிலிருந்தே எடுங்கள். விண்டோஸ் அப்டேட் தருவது சில சமயம் பின்தங்கியிருக்கும். அதற்காகப் புதியதுதான் எப்போதும் நல்லது என்றும் இல்லை. நேற்றுவரை ஓடிய கேம் டிரைவர் அப்டேட்டுக்குப் பிறகு ஓடவில்லையென்றால், முந்தைய பதிப்புக்குத் திரும்புவதே புத்திசாலித்தனம்.

அப்புறம் கோப்பு எழுதும் அனுமதி. பல கேம்கள் திறந்தவுடன் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரில் தன் செட்டிங்ஸை எழுதப் பார்க்கும், எழுத முடியாவிட்டால் மூடிக்கொள்ளும். விண்டோஸ் செக்யூரிட்டியில் கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ் போட்டிருந்தால் இப்படி ஆகும். ஆன்டிவைரஸை முழுதாக அணைக்க வேண்டாம். ப்ரொடெக்ஷன் ஹிஸ்டரியில் கேமின் பெயர் இருக்கிறதா பார்த்து அதற்கு மட்டும் அனுமதி கொடுங்கள். நம்மில் சிலருக்கு இதிலேயே இன்னொரு சிக்கலும் வரும். கணினியை முதலில் அமைத்தபோது பெயரைத் தமிழில் கொடுத்திருந்தால் யூசர் ஃபோல்டரின் பெயரும் தமிழில் இருக்கும். சில கேம்கள், குறிப்பாகப் பழையவை, அந்த எழுத்துகளைப் படிக்கத் தெரியாமல் தடுமாறும். கணக்கின் பெயரைப் பிறகு மாற்றினாலும் ஃபோல்டரின் பெயர் மாறாது. ஆங்கில எழுத்தில் ஒரு புதிய யூசர் கணக்கைத் திறந்து அதில் கேமை ஓட்டிப் பாருங்கள். ஓடினால் விடை கிடைத்துவிட்டது. தமிழ்ப் பெயர் இல்லாவிட்டாலும் இந்தச் சோதனை நல்லதுதான், கெட்டுப்போன செட்டிங்ஸ் கோப்பு காரணமாக இருந்தாலும் புதிய கணக்கில் கேம் திறந்துவிடும். அப்படியானால் பழைய கணக்கில் உள்ள செட்டிங்ஸ் ஃபோல்டருக்கு வேறு பெயர் வைத்துவிட்டு ஓட்டுங்கள். அழிக்காதீர்கள், நீங்கள் ஆடிச் சேமித்தவையும் அதற்குள் இருக்கலாம்.

ஆன்லைன் கேம் என்றால் ஆன்டிசீட்டையும் (ஏமாற்றி ஆடுவதைத் தடுக்கும் நிரல்) பார்க்க வேண்டும். ஈசி ஆன்டிசீட் பயன்படுத்தும் கேமின் ஃபோல்டருக்குள் அதன் செட்டப் கோப்பு இருக்கும், அதை ஓட்டி ரிப்பேர் கொடுக்கலாம். விண்டோஸ் 11ல் வேலரன்ட் போன்றவை டிபிஎம் 2.0, செக்யூர் பூட் என்ற பாதுகாப்பு வசதிகள் இரண்டும் இயங்கினால்தான் ஓடும். சிஸ்டம் இன்ஃபர்மேஷனில் செக்யூர் பூட் ஸ்டேட் ஆன் என்று இருக்கிறதா பாருங்கள்.

உங்களுக்குப் பொருந்தாது, ஆனாலும் டெஸ்க்டாப் வைத்திருப்பவர்களுக்காக ஒன்று. அன்ரியல் கேம்கள் திறக்கும்போது வீடியோ மெமரி போதவில்லை என்று சொல்லி விழுகிறது, கார்டிலோ தாராளமாக மெமரி இருக்கிறது என்றால், ப்ராசஸரைச் சந்தேகப்படுங்கள். இன்டெல்லின் 13, 14ஆம் தலைமுறை டெஸ்க்டாப் ப்ராசஸர்கள் பலவற்றில் அளவுக்கு மீறிய வோல்டேஜால் சேதம் ஏற்பட்டு இப்படி ஆனது. 2024 ஆகஸ்டில் திருத்தம் வெளியிட்டு, வாரண்டியையும் இரண்டு ஆண்டு நீட்டியது இன்டெல். பயாஸை (மதர்போர்டின் அடிப்படை மென்பொருள்) அப்டேட் செய்தால் புதிய சேதத்தைத் தடுக்கலாம், ஏற்கெனவே கெட்டதை மாற்றித்தான் வாங்க வேண்டும்.

டிஸ்க்கில் வாங்கிய பழைய கேம்கள் தனிக் கதை. சேஃப்டிஸ்க் என்ற, நகலெடுப்பதைத் தடுக்கும் பூட்டுப் போட்ட கேம்கள் விண்டோஸ் 10லிருந்தே ஓடாது, பாதுகாப்புக் காரணத்துக்காக அந்தப் பூட்டுக்குத் தேவையான டிரைவரை மைக்ரோசாஃப்ட் விலக்கிவிட்டது. ஜிஓஜி போன்ற கேம் விற்கும் தளங்களில் பூட்டு இல்லாத பதிப்பு கிடைக்கிறதா தேடுங்கள்.

உங்கள் விஷயத்தில் நான் செய்யும் வரிசை இது: ஈவென்ட் வியூவர், எக்ஸ்இயை நேரடியாகத் திறப்பது, கிராபிக்ஸ் தேர்வு, புதிய யூசர் கணக்கு. ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுங்கள், பலிக்காவிட்டால் பழையபடி வைத்துவிட்டு அடுத்ததற்குப் போங்கள். எதிலும் ஆகவில்லை என்றால் கேமைத் தயாரித்தவர்களுக்கு எழுதுங்கள். 'ஓடவில்லை' என்று மட்டும் எழுதினால் டிரைவரை அப்டேட் செய்யச் சொல்லி ஒரு பதில் வரும், அவ்வளவுதான். மாட்யூலின் பெயர், எக்ஸெப்ஷன் கோட், விண்டோஸோடு வரும் டிஎக்ஸ்டயாக் கருவியில் சேவ் ஆல் இன்ஃபர்மேஷன் கொடுத்தால் கிடைக்கும் கோப்பு, கேமின் லாக், இவற்றையும் சேர்த்து அனுப்புங்கள்.

இதற்கிடையில் வாங்கிய தேதியையும் கவனியுங்கள். வாங்கி 14 நாட்களுக்குள், ஆடிய நேரம் 2 மணி நேரத்துக்குள் இருந்தால் ஸ்டீம் பணத்தைத் திருப்பித் தரும். கேம் திறக்காமல் ஸ்டாப் பட்டனிலேயே நின்றுவிட்டால் அந்த நேரமும் ஆடிய கணக்கில் ஏறக்கூடும், அப்படி விட்டுவிட்டு எழுந்து போகாதீர்கள்.