மாவில் கை வைக்க விடுவார்களா என்று முதலில் கேளுங்கள்

போன இதழில், இத்தாலிக்குப் போனபோது பாஸ்தா செய்யக் கற்றுக்கொண்டதைப் பற்றிப் போகிறபோக்கில் நாலு வரி எழுதியிருந்தேன். அதற்கு இத்தனை கடிதம் வரும் என்று எதிர்பார்க்கவில்லை. எல்லாவற்றுக்கும் இடம் போதாது, ஐந்துக்கு மட்டும் பதில்.

அக்டோபரில் நானும் கணவரும் ரோம், ஃபிளாரன்ஸ், வெனிஸ் என்று ஒன்பது நாள் போகிறோம். ஒரு நாள் பாஸ்தா வகுப்புக்குப் போக ஆசை. "அவ்வளவு தூரம் போய் காசு கொடுத்து மாவு பிசையணுமா?" என்கிறார் அவர். உண்மையிலேயே பிரயோஜனம் உண்டா? – வாசகி, மயிலாப்பூர்

உண்டு. ஆனால் எந்த வகுப்பு என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. நான் இரண்டுக்குப் போயிருக்கிறேன், இரண்டையும் சொல்கிறேன், நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள்.

முதல் வகுப்பு, சுற்றுலாக் கூட்டம் அலைமோதும் ஓர் ஊரில். இருபத்தைந்து பேர். மாவு ஏற்கெனவே பிசைந்து, உருண்டை பிடித்து, பிளாஸ்டிக் தாளில் சுற்றித் தயாராக இருந்தது. ஆளுக்கொரு உருண்டையைக் கொடுத்து மெஷினில் விட்டுச் சுற்றச் சொன்னார்கள், ஏப்ரனோடு போட்டோ எடுத்தார்கள், கடைசியில் சான்றிதழ் வேறு. வெளியே வரும்போது மாவு என்ன பதத்தில் இருக்க வேண்டும் என்றுகூட எனக்குத் தெரியாது. அந்தப் பணம் போனது இன்றும் உறுத்துகிறது.

இரண்டாவது, போலோன்யாவில். ஆறே பேர். சொல்லிக்கொடுத்தவர் அறுபது வயதைத் தாண்டிய ஒரு அம்மா. கையால் பாஸ்தா தாள் தேய்க்கும் பெண்களை அங்கே 'ஸ்ஃபோல்யீனா' என்பார்கள், அது ஒரு தொழில், மரியாதையான தொழில். ஆளுக்கொரு பெரிய மரப்பலகை, 100 கிராம் மாவு, ஒரு முட்டை. மாவைக் குவித்து நடுவில் குழி செய்து, முட்டையை உடைத்து ஊற்றி, முள்கரண்டியால் அடித்துக்கொண்டே ஓரத்து மாவைக் கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே இழுக்க வேண்டும். முதல் ஐந்து நிமிடம் கையெல்லாம் பிசுபிசு. நான் சப்பாத்தி மாவு மாதிரி விரலை மடக்கிக் குத்திக்கொண்டிருந்தேன். அந்த அம்மா வந்து ஒன்றும் பேசாமல் என் மணிக்கட்டைப் பிடித்து, உள்ளங்கையின் அடிப்பாகத்தை மாவில் வைத்து முன்னால் தள்ளி, மடித்து, கால் சுற்று திருப்பி, மறுபடி தள்ளிக் காட்டினார். பத்து நிமிடத்தில் மாவு வேறு மாதிரி ஆகிவிட்டது, காது மடல் பதம். கட்டைவிரலால் அழுத்தினால் குழி மெதுவாக மேலே எழும்பி வந்தது. அதன்மேல் ஒரு கிண்ணத்தைக் கவிழ்த்து அரை மணி நேரம் விட்டோம்.

அப்புறம் தேய்ப்பது. நம் பூரிக்கட்டை அங்கே எடுபடாது. 'மத்தரெல்லோ' என்ற அவர்களுடைய கட்டை கிட்டத்தட்ட ஒரு மீட்டர் நீளம். தாள் பெரிதாகப் பெரிதாக அதன் ஒரு பக்கத்தைப் பலகை விளிம்பிலிருந்து நம் பக்கம் தொங்க விட்டு, மறுபக்கத்தைக் கட்டையில் சுற்றி, இரண்டு கையையும் நடுவிலிருந்து வெளிப்பக்கமாக நகர்த்திக்கொண்டே உருட்ட வேண்டும். தாளைத் தூக்கிப் பிடித்தால் அதன் வழியே மலைமேல் இருக்கும் சான் லூக்கா தேவாலயம் தெரிய வேண்டும் என்பது அந்த ஊர்ப் பேச்சு. என் தாளில் என் விரல்களின் நிழல் தெரிந்தது, அதற்கே அந்த அம்மா தலையாட்டினார். பிறகு அதைச் சுருட்டிக் கத்தியால் நாடா நாடாக வெட்டினோம், அதுதான் தாலியாத்தெல்லே. வெந்தபின் அதன் அகலம் 8 மில்லிமீட்டர் இருக்க வேண்டும் என்று 1972-ல் போலோன்யா வர்த்தக சபையில் தங்கத்தில் ஒரு மாதிரி நாடா செய்தே பதிவு செய்து வைத்திருக்கிறார்கள். ஊரிலிருக்கும் அசினெல்லி கோபுரத்தின் உயரத்தில் 12,270-ல் ஒரு பங்கு என்று கணக்கு வேறு! சாப்பாட்டின் மேல் இவ்வளவு பற்று உள்ள ஊர் என்றால் எனக்குத் தனிப் பிரியம்.

உங்கள் பயணத்துக்கு இது சுலபம். ஃபிளாரன்ஸிலிருந்து வெனிஸ் போகும் ரயில் போலோன்யா வழியாகத்தான் போகிறது. ஃபிளாரன்ஸிலிருந்து அதிவேக ரயிலில் முக்கால் மணி நேரம்கூட ஆகாது. காலையில் இறங்கி, பெட்டியை ஸ்டேஷனில் வைத்துவிட்டு, வகுப்பு முடிந்து செய்ததையே மதியம் சாப்பிட்டு, சாயங்காலம் வெனிஸ் போய்விடலாம். பணம் கட்டும் முன் மெயிலில் மூன்று விஷயம் கேளுங்கள்: எத்தனை பேர், ஆளுக்கு ஆள் தனியாக மாவு பிசைகிறோமா, கட்டையா மெஷினா. பதில் மழுப்பலாக வந்தால் வேண்டாம். நான் பார்த்தவரை மூன்று மணி நேர வகுப்புக்கு நபருக்கு 70 யூரோவிலிருந்து 120 யூரோ வரை கேட்கிறார்கள். சின்னத் தொகை இல்லைதான். ஆனால் நல்ல வகுப்பில் கற்றது கையோடு வீட்டுக்கு வந்துவிடும். உங்கள் கணவரையும் பலகை முன்னால் நிற்க வையுங்கள், ஓரமாக உட்கார விடாதீர்கள்.

நாங்கள் சுத்த சைவம், முட்டையும் கிடையாது. பாஸ்தா வகுப்பு எங்களுக்குச் சரிவருமா? – வாசகர், நங்கநல்லூர்

தாராளமாக. முட்டை போட்ட பாஸ்தா பெரும்பாலும் இத்தாலியின் வடக்குப் பக்கம், போலோன்யா இருக்கும் எமிலியா ரொமாஞா அதற்குப் பேர்போனது. தெற்கே போனால் ட்யூரம் கோதுமை ரவையை இன்னும் நைசாக அரைத்த மாவும் தண்ணீரும் மட்டும்தான். பூலியா மாநிலத்தின் பாரி நகரில், பழைய ஊர்ச் சந்துகளில் பெண்கள் வீட்டு வாசலில் மேசை போட்டு 'ஒரெக்கியெத்தே' செய்வதைத் தெருவில் நின்றே பார்க்கலாம். குட்டிக் காது என்று அர்த்தம். மாவைக் கயிறாகத் திரித்து, சுண்டுவிரல் நுனி அளவுக்கு வெட்டி, கத்தி முனையால் பலகைமேல் அழுத்தி இழுத்து, கட்டைவிரலில் கவிழ்த்தால் காது. பாரி வரை போக முடியாதென்றால், ஃபிளாரன்ஸ் இருக்கும் டஸ்கனியில் 'பீச்சி' இருக்கிறது. மாவும் தண்ணீரும், சில வீடுகளில் கொஞ்சம் ஆலிவ் எண்ணெய். கையாலேயே உருட்டும் தடித்த நூல், கை முறுக்கு சுற்றத் தெரிந்தவர்களுக்கு ஒரு விஷயமே இல்லை. ஜெனோவா பக்கம் 'ட்ரோஃபியே'யும் அப்படித்தான். பதிவு செய்யும்போதே 'சென்த்ஸா உவோவா', அதாவது முட்டை இல்லாமல், என்று எழுதிக் கேளுங்கள்.

ஆனால் முட்டையைவிடக் கவனிக்க வேண்டியது சீஸ். பார்மிஜானோ ரெஜ்ஜானோவில் பாலை உறைய வைக்கக் கன்றுக்குட்டியின் வயிற்றிலிருந்து எடுக்கும் ரென்னட்தான் சேர்க்க வேண்டும் என்பது அதன் விதி. பெக்கோரினோ ரோமானோவுக்கு ஆட்டுக்குட்டியுடையது. நம்மவர்கள் பலர் இது தெரியாமல் தூவிச் சாப்பிட்டுவிட்டு, ஊருக்கு வந்தபின் தெரிந்து மனம் கஷ்டப்பட்டிருக்கிறார்கள். அதனால் முன்கூட்டியே சொல்கிறேன், முடிவு உங்களுடையது. துளசி வகை இலையை அரைத்துச் செய்யும் பெஸ்தோ என்ற பச்சை நிற சாஸிலும் சீஸ் உண்டு. பாரியில் ஒரெக்கியெத்தேயோடு தரும் கீரையில் உப்பிட்ட நெத்திலி வகை மீனைக் கரைத்துவிடும் வழக்கம் உண்டு, கண்ணுக்குத் தெரியாது, கேட்டுவிடுங்கள். கவலையில்லாமல் சாப்பிட, தக்காளியும் பூண்டும் போட்டு ஆலிவ் எண்ணெயில் செய்யும் சாஸ் எங்கும் கிடைக்கும். டஸ்கனியில் பீச்சிக்கு 'அல்லியோனே' என்று பூண்டுத் தக்காளி சாஸே தனியாக இருக்கிறது. நன்றாக இருக்கும்.

போன வருடம் அங்கே கற்றுக்கொண்டு வந்தேன். அங்கே அருமையாக வந்தது. இங்கே மூன்று முறை செய்தும் வெட்டிய நாடாவெல்லாம் ஒட்டிக்கொண்டு கொழுக்கட்டையாகிவிடுகிறது. மைதா சரியில்லையா? – வாசகி, அம்பத்தூர்

மைதா மேல் பழி போடாதீர்கள். அவர்கள் பயன்படுத்தும் '00' மாவு என்பது எவ்வளவு நைசாகச் சுத்தம் செய்து அரைத்தது என்பதைக் குறிக்கிற எண். நம் மைதா அதற்குக் கிட்டத்தட்டப் பக்கத்தில்தான் வரும். உங்கள் எதிரி சென்னைக் காற்று. இந்த ஈரப்பதத்தில் மாவு தானாகவே தண்ணீர் குடிக்கும். அதோடு நம் கடை முட்டை ஒன்றுபோல் ஒன்று இருக்காது. முட்டையை எண்ணிப் போடுவதை விட்டுவிட்டு உடைத்து எடை போடுங்கள், 100 கிராம் மைதாவுக்கு ஓடு நீக்கிய முட்டை 50 கிராமில் ஆரம்பியுங்கள். உலர்ந்து போனால் கையை நனைத்துக்கொண்டு பிசையலாம், இளகினால்தான் கஷ்டம்.

சரி, ஒட்டுவதற்கு வருவோம். தேய்த்த தாளை உடனே வெட்டாதீர்கள். சுத்தமான வேட்டித் துணியில் போட்டு ஃபேனுக்குக் கீழே பத்து நிமிடம், பாதியில் ஒரு முறை திருப்பிப் போட்டு. தொட்டால் விரலில் ஒட்டக் கூடாது, ஆனால் மடித்தால் விரியவும் கூடாது. அப்பளம் காயப் போட்டுப் பழகியவர்களுக்கு இந்தப் பதம் தெரியும். மேலே தூவ மைதா வேண்டாம், அது ஈரத்தில் பசையாகிவிடும். ரவையைத் தூவுங்கள், ஒட்டாமல் உதிர்ந்துவிடும். ஃபிரிட்ஜில் வைத்தீர்களோ? வெளியே எடுத்ததும் வியர்த்து மொத்தமும் ஒன்றாகிவிடும். வெட்டின கையோடு கொதிக்கும் தண்ணீரில் போடுவதே உத்தமம், முட்டை மாவை நம் வெயிலில் மணிக்கணக்காகக் காயப் போடுவது உடம்புக்கும் ஆகாது. 100 கிராமுக்கு ஒரு லிட்டர் தண்ணீர், 10 கிராம் உப்பு. குக்கர் பாத்திரத்தில் கொஞ்சமாகத் தண்ணீர் வைத்தால் என்ன செய்தாலும் ஒட்டும். புதுப் பாஸ்தாவுக்கு இரண்டு மூன்று நிமிடம் போதும், பக்கத்திலேயே நில்லுங்கள்.

பாஸ்தா மெஷின் வாங்கலாமா? – வாசகர், வேளச்சேரி

முதலில் ஐந்து முறை கட்டையால் தேய்த்துப் பாருங்கள். அதற்கப்புறமும் ஆசை இருந்தால் வாங்குங்கள். ஒன்று மட்டும், மெஷினைத் தண்ணீரில் கழுவக் கூடாது, உலர்ந்த பிரஷ்ஷால் தட்டிவிட வேண்டும்.

அம்மாவுக்கு 66 வயது. சமையல் என்றால் உயிர். இங்கிலீஷ் வராது. அவரை இப்படி ஒரு வகுப்புக்குக் கூட்டிப்போக ஆசை, சங்கடப்படுவாரோ என்று பயமாகவும் இருக்கிறது. – வாசகி, புரசைவாக்கம்

இந்தக் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். கூட்டிப்போங்கள். என் மணிக்கட்டைப் பிடித்துச் சொல்லிக்கொடுத்த அந்த அம்மாவுக்கும் இங்கிலீஷ் பத்து வார்த்தைக்கு மேல் தெரியாது, எனக்கு இத்தாலியன் அதைவிடக் குறைவு. ஒன்றும் குறையவில்லை. உங்கள் அம்மா அங்கே பார்க்கப் போவதில் பாதி அவருக்குத் தெரிந்ததுதான். வெனிஸ் இருக்கும் வெனெத்தோ பகுதியில் 'பிகோலி' என்றொரு பாஸ்தா, பித்தளை அச்சு வைத்த ஒரு பிழியும் கருவியில் மாவைப் போட்டுக் கைப்பிடியைச் சுற்றிப் பிழிவார்கள். நம் முறுக்கு நாழிக்கு அண்ணன் என்று வைத்துக்கொள்ளுங்கள். போலோன்யாவில் ரிக்கோட்டா என்ற மெத்தென்ற சீஸும் கீரையும் பூரணமாக வைத்து மடிக்கும் 'தோர்த்தெல்லோனி' இருக்கிறது. அளவாகப் பூரணம் வைப்பதையும், காற்று உள்ளே நிற்காமல் ஓரத்தை அழுத்தி ஒட்டுவதையும் நாற்பது வருடம் தீபாவளிக்குச் சோமாஸ் செய்தவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

இரண்டு மூன்று மணி நேரம் நிற்க வேண்டியிருக்கும், அது மட்டும்தான் யோசிக்க வேண்டியது. உட்கார ஸ்டூல் வேண்டும் என்று முன்பே எழுதிவிடுங்கள், காலை வகுப்பாகப் பாருங்கள். ஆகஸ்ட் நடுவில் வேண்டாம், 15-ஆம் தேதி விடுமுறையை ஒட்டிச் சின்ன இடங்கள் பல மூடியிருக்கும், வெயிலும் கடுமை.

அப்புறம், வீட்டிலிருக்கும் சோமாஸ் கரண்டியை, அந்தப் பல்சக்கரம் வைத்ததை, செக்-இன் பெட்டியில் போட்டுக்கொண்டு போகச் சொல்லுங்கள். அங்கே பூரணம் வைத்த ராவியோலி பாஸ்தாவை வெட்டுவதும் அச்சு அசல் அதே சக்கரம்தான். அம்மா அதைப் பையிலிருந்து எடுத்துப் பலகைமேல் வைக்கட்டும்.