ஹெர்த்தா தீலெ காணாமல் போகவில்லை

அன்புள்ள ஆசிரியருக்கு,

1931இல் வந்த ‘மேட்சென் இன் யூனிஃபார்ம்’ என்ற ஜெர்மன் படம் பார்த்தேன். ஆசிரியையைக் காதலிக்கும் மாணவியாக வரும் ஹெர்த்தா தீலெ மனதை விட்டுப் போகவில்லை. சில வருடங்களிலேயே காணாமல் போய்விட்டார். அந்த ஒரு வேடம்தானே அவரை வீணாக்கியது? நிஜத்திலும் அவர் அப்படித்தானா?

எஸ்.

அன்புள்ள எஸ்,

கடைசிக் கேள்வியை விட்டுவிடுவோம். ஒரு நடிகை உருகி நடித்துவிட்டால் அவள் வீட்டு ஜன்னலில் எட்டிப் பார்க்கும் புத்தி நமக்கு எப்போதுதான் போகுமோ.

அந்த இரவுக் காட்சியை மறுபடி பாருங்கள். பிரஷ்யப் பெண்கள் விடுதி. படுக்கப் போகும் மாணவிகளின் நெற்றியில் ஆசிரியை முத்தமிட்டுக்கொண்டே வருகிறார். தீலெ நடிக்கும் மனுவேலாவின் முறை வந்ததும் அவள் தாவிக் கழுத்தைக் கட்டிக்கொள்கிறாள். ஆசிரியை அவளுக்கு மட்டும் உதட்டில் முத்தம் தருகிறார். பார்க்கிற நமக்கு அவள் பதினாலு வயதுச் சிறுமி. உண்மையில் தீலெவும் ஆசிரியையாக நடித்த டொரோதியா வீக்கும் 1908இல் பிறந்தவர்கள், நான்கு மாத வித்தியாசம். நடிப்பு என்றால் அது.

அந்த வேடம் அவரை வீணாக்கவில்லை ஐயா. அடுத்த வருடமே ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்ட் சேர்ந்து எழுதிய ‘கூலெ வாம்பெ’யில் நடித்தார். அதுவும் தணிக்கையில் சிக்கிய படம்தான். பிழைப்பைப் பறித்தவர்கள் நாஜிகள். அவர்களோடு ஒத்துப்போக மறுத்தார். 1936இல் நடிப்பதற்கான உரிமை போயிற்று, மறுவருடம் ஸ்விட்சர்லாந்துக்குப் போனார். இதையெல்லாம் விட்டுவிட்டு வேடத்தைக் குறை சொல்வது, திருடனை விட்டுவிட்டுப் பூட்டைத் திட்டுகிற கதை.

சரி, என்னை உண்மையில் உறுத்தியது ‘காணாமல் போய்விட்டார்’ என்ற உங்கள் சொல். தீலெ ஸ்விட்சர்லாந்தில் கிடைத்த வேலையெல்லாம் செய்தார். மனநோயாளிகளைப் பராமரிக்கும் வேலையும் பார்த்தார். 1966இல் கிழக்கு ஜெர்மனிக்குத் திரும்பி மேடையிலும் தொலைக்காட்சியிலும் நடித்தார். 1984 வரை இருந்தார். இதில் எந்த இடத்தில் காணாமல் போனார்? நம் கண்ணில் படவில்லை, அவ்வளவுதானே?

உங்களைத் திட்ட எனக்கு யோக்கியதை கிடையாது. முப்பது வருடம் முன்பு ஒரு சிற்றிதழில் இதே தீலெவைப் பற்றி, ‘கலையை இழந்து நோயாளிகளுக்கு நடுவே கரைந்துபோனவர்’ என்று நானும் உருகி உருகி எழுதினேன். அந்த வரி அப்போது எனக்கு ரொம்பப் பிடித்திருந்தது. சித்தி அரசு ஆஸ்பத்திரியில் நர்ஸ். சாப்பிட்ட கையைக் கழுவிவிட்டு வந்து, ஈரம் படாமல் விரல்நுனியால் பக்கத்தைப் புரட்டிப் படித்தாள். புறங்கையில் யாருடைய மருந்துக் கணக்கோ பேனாவில் எழுதியிருந்தது, பாதி அழிந்து.

“ஏண்டா, அப்போ நான் இருபத்திரண்டு வருஷமா கரைஞ்சுக்கிட்டா இருக்கேன்?”

நான் ஏதோ முனகினேன். அவள் காதில் விழுந்திருக்காது. நைட் டியூட்டிக்கு நேரமாகிவிட்டது என்று குடையைத் தேடிக்கொண்டிருந்தாள்.