ஸ்டென்ட் வெச்ச மனுசன், பயந்து திரும்பிப் படுக்கற பொண்டாட்டி

கேள்வி: டாக்டருங்க, என்ற வீட்டுக்காரருக்கு 51 வயசு. தறிக்குடோன் வெச்சிருக்கறோம். போன தை நோம்பி முடிஞ்சு ஹார்ட் அட்டாக் வந்து ஒரு ஸ்டென்ட் வெச்சாங்க. இப்ப நைட் ஷிப்ட்டு கூட அவரே பாத்துக்கறாரு. ஆனா ராத்திரி கிட்ட வந்தார்னா அவரு நெஞ்சு அடிக்கறது எனக்கே கேக்குதுங்க, ஏதாச்சும் ஆயிருமோன்னு நான் திரும்பிப் படுத்துக்கறேன். அவரு மூஞ்சி சுண்டிப் போகுது. — பேர் வேண்டாம், சோமனூர்

பதில்: ஆசை வந்தா நெஞ்சு அடிச்சுக்கத்தான் செய்யும் அம்மணி, அது நோவு இல்ல. துடிப்பும் பிபியும் உச்சத்துல கொஞ்ச நேரம் ஏறும், அப்பவும் துடிப்பு நிமிசத்துக்கு 130ஐ தாண்டறது அபூர்வம், அப்புறம் சீக்கிரமே இறங்கிரும். சென்னிமலை 1320 படியும் ஏறிக் காட்டச் சொல்லலீங்க, ரெண்டு மாடி விறுவிறுன்னு ஏறி நெஞ்சு புடிக்காம, ரொம்ப மூச்சு வாங்காம நின்னார்னா பொதுவா இதுக்கும் தாங்குவார்னு அர்த்தம். ஹார்ட் அட்டாக் வர்றவங்கள்ல உறவு வெச்சதால வந்தவங்க 100க்கு ஒருத்தர் கூட இல்ல. வயிறு முட்டத் தின்னுட்டோ தண்ணியப் போட்டுட்டோ மட்டும் வேண்டாம்.

எனக்குப் பயம் வேற எடத்துல. மெடிக்கல்ல சீட்டு இல்லாம ஆம்பளைங்க கமுக்கமா வாங்கற மாத்திரை இருக்கே, சில்டெனாஃபில், அத முதல்ல நெஞ்சுவலிக்குத்தான் சோதிச்சுப் பாத்தாங்க, 1998ல விறைப்புக்கான மாத்திரையா கடைக்கு வந்துச்சு. அதுவும் ரத்தக்குழாய விரிக்கும், நெஞ்சுவலிக்கு நாக்கடில வெக்கற சார்பிட்ரேட் மாத்திரையும் விரிக்கும், ரெண்டும் சேந்தா பிபி அதலபாதாளத்துக்குப் போயிரும், உயிருக்கே ஆபத்துங்க. அவரு அந்த மாதிரி ஏதாவது போடறாரான்னு கோவப்படாம கேளுங்க. போட்ட அன்னிக்கு நெஞ்சு வலிச்சா நாக்கடி மாத்திரை வெக்கக் கூடாது, 108க்கு போன் போட்டு என்ன மாத்திரை போட்டார்னு மறைக்காம சொல்லிருங்க. போட்டதுக்கப்புறம் நாக்கடி மாத்திரை வெக்க, சில்டெனாஃபில்னா 24 மணி நேரம், அதே மாதிரி இன்னொரு மாத்திரையான டடலாஃபில்னா 48 மணி நேரம் இடைவெளி வேணும்.

விறைப்பு சரியா வராததாலதான் அந்த மாத்திரைய தேடறார்னா அதுக்கும் காரணம் இருக்கும். அங்க ஓடற ரத்தக்குழாய் இதயத்துதை விட சன்னம், அதனால பலருக்கு அடைப்பு அங்கதான் முதல்ல தெரியும், சுகர் இருந்தா இன்னும் மோசம். பிபி மாத்திரை சிலதும் அப்படிப் பண்ணும், அதுக்காக தானா நிறுத்திரக் கூடாது, டாக்டர் மாத்தித் தருவாரு.

அடுத்த செக்கப்புக்கு நீங்களும் கூடப் போங்க, வாய் விட்டுக் கேக்க கூச்சமா இருந்தா ஒரு துண்டுச் சீட்டுல எழுதி நீட்டுங்க போதும்.