தேள் கொட்டினால் வலியைப் பார்க்காதீர்கள், பாதத்தைத் தொட்டுப் பாருங்கள்

கேள்வி: எங்களுடையது தோட்டத்துக்குள் இருக்கும் ஓட்டு வீடு. விறகு அடுக்கியிருக்கும் இடத்தில் சிவப்புத் தேள் அடிக்கடி தென்படுகிறது. மகளுக்கு 5 வயது, எடை 16 கிலோ. தேள் கொட்டினால் வீட்டிலேயே பார்த்துக்கொள்ளலாமா, எப்போது ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும்? புளியங்கொட்டையைக் கல்லில் சூடேற உரசி ஒட்டவைத்தால் விஷம் இறங்கிவிடும் என்கிறார் மாமியார்.

பதில்: இந்த வயதுப் பிள்ளையைச் செந்தேள் கொட்டினால் 'கொஞ்ச நேரம் பார்க்கலாம்' என்ற பேச்சே வேண்டாம். கொட்டியதும் கிளம்பிவிடுங்கள்.

முதலில் தேளை அடையாளம் தெரிந்துகொள்ளுங்கள். கன்னங்கரேலென்று, தடித்த இடுக்கிகளோடு உள்ளங்கை நீளத்துக்கு இருப்பது நட்டுவாக்காலி. பார்த்தாலே குலை நடுங்கும், கொட்டினால் கடுக்கும், ஆனால் உயிருக்கு ஆபத்து அரிது. செந்தேள் அதைவிடச் சிறியது. செம்பழுப்பு உடம்பு, வெளிறிய கால்கள், ஒல்லியான இடுக்கி, தடித்த வால். இடுக்கி மெலிந்து வால் தடித்திருந்தால் நஞ்சு அதிகம் என்பது பெரும்பாலும் பொருந்தும் கணக்கு. டென்மார்க் விலங்கியலாளர் ஃபேப்ரிசியஸ் 1798-இல் இதற்கு இட்ட 'டாமுலஸ்' என்ற அறிவியல் பெயரிலேயே தமிழ் இருக்கிறது. நமக்குப் பெருமைப்பட வேறு எவ்வளவோ உண்டு. கொட்டிய தேள் எதுவென்று தெரியாவிட்டால் செந்தேள் என்றே வைத்துக்கொள்ளுங்கள். அதைத் தேடிப் பிடிப்பதில் நேரத்தை விடாதீர்கள்.

பலரும் ஏமாறுவது வலியில்தான். கடுகடுவென்று கடுத்து, நெறி கட்டி, ஊரைக் கூட்டி அழும் பலருக்கு அந்த வலியோடு விஷயம் முடிந்துவிடும். உள்ளே நஞ்சு பரவியவருக்கோ கொட்டிய இடத்தில் வலி குறைவாகவே இருக்கலாம். தேள் கொட்டிய திருடன்போல ஓசையின்றி வியர்த்துக்கொண்டிருக்கும் பிள்ளைதான் அதிக ஆபத்தில் இருக்கிறது.

காரணம், இந்த நஞ்சு, நரம்புகளுக்குள் சோடியம் நுழையும் நுண்ணிய வாசல்களை மூடவிடாமல் பிடித்துக்கொள்கிறது. நரம்புகள் ஓயாமல் தூண்டப்பட்டு, பதற்றத்தில் சுரக்கும் அட்ரினலினும் நார்அட்ரினலினும் உடம்பில் அளவுமீறிச் சுரக்கின்றன. ரத்தக்குழாய்கள் இறுகிக் கைகால் சில்லிடும், ரத்த அழுத்தம் எகிறும். அந்த அழுத்தத்தை எதிர்த்துத் தள்ளித் தள்ளி இதயம் தளர்ந்தால் நுரையீரலில் நீர் கோத்துக்கொள்ளும். உயிர் போவது பெரும்பாலும் இந்தக் கட்டத்தில்தான்.

ஆகவே போகும் வழியில் 10 நிமிஷத்துக்கு ஒருமுறை பிள்ளையின் பாதத்தை உங்கள் புறங்கையால் தொட்டுப் பாருங்கள். நெற்றி வெதுவெதுப்பாக இருந்து பாதம் மட்டும் சில்லென்று ஈரமாக இருந்தால் நஞ்சு வேலை செய்கிறது. கால் பெருவிரல் நகத்தை 5 விநாடி அழுத்திவிட்டு விடுங்கள். 3 விநாடி ஆகியும் சிவப்பு திரும்பவில்லை என்றால் ரத்த ஓட்டம் சுருங்கிவிட்டது. அடுத்தடுத்து வாந்தி, உடுப்பு நனையும் வியர்வை, எச்சில் ஒழுகுவது, ஆண்களுக்கு உறுப்பு விறைத்தபடியே இருப்பது எல்லாம் ஆரம்ப அறிகுறிகள். இருமல், மூச்சிரைப்பு, இளஞ்சிவப்பு நுரை என்றால் நுரையீரல்வரை போய்விட்டது. படுக்க வைக்காமல் சாய்த்து உட்கார வையுங்கள்.

கொட்டிய இடத்தைச் சோப்புப் போட்டுக் கழுவுங்கள். ஐஸ் கட்டியைத் துணியில் சுற்றி, 10 நிமிஷம் வைத்து எடுத்து எடுத்து வைக்கலாம். வலிக்குப் பாரசிட்டமால், கிலோவுக்கு 15 மில்லிகிராம். உங்கள் மகளுக்கு 240. 5 மில்லிக்கு 250 மில்லிகிராம் உள்ள சிரப் என்றால் 5 மில்லிக்குச் சற்றுக் குறைவாக. வாந்தி எடுத்தால் வாய்வழியாக எதையும் திணிக்காதீர்கள். கயிறு கட்டுவது, கீறுவது, வாய் வைத்து உறிஞ்சுவது எதுவும் வேண்டாம். புளியங்கொட்டை நஞ்சை உறிஞ்சாது. வலி தானாகத் தணிவதற்குள் அதை ஒட்டியதால் அதற்குப் பேர் கிடைத்துவிட்டது. மாமியார் ஒட்டட்டும், ஆனால் ஆட்டோ வரும்வரைதான்.

மருத்துவமனையில் இரண்டு விஷயம் கவனியுங்கள். கொட்டிய இடத்தில் போடும் மரத்துப்போகும் ஊசி வலிக்கு மட்டுமே. வலி நின்றதும் வீட்டுக்குக் கூட்டிப்போவதுதான் பெரிய தவறு. குறைந்தது 6 மணி நேரம், சின்னப் பிள்ளையை 24 மணி நேரம் கண்காணிப்பில் வைத்திருப்பது நல்லது. இரண்டாவது, பாம்புக்கடிக்குப் போடும் விஷமுறிவு ஊசி தேளுக்கு உதவாது. நஞ்சு பரவிய அறிகுறி இருந்தால் முக்கிய மருந்து பிரசோசின். ரத்த அழுத்தத்துக்கான அந்தப் பழைய மாத்திரை, இறுகிய ரத்தக்குழாய்களைத் தளர்த்துகிறது. மகாராஷ்டிரத்தின் கொங்கணப் பகுதியில் மஹாட் ஊரில் பணியாற்றும் மருத்துவர் ஹிம்மத்ராவ் பாவஸ்கர் இதைத் தேள்கடிக்குப் பயன்படுத்திக் காட்டியபின், அங்கே சாவு வெகுவாகக் குறைந்தது. 2022-இல் பத்மஸ்ரீ பெற்றார். அளவு கிலோவுக்கு 30 மைக்ரோகிராம், அதாவது 16 கிலோவுக்கு 480. கைகால் சூடாகும்வரை 3 மணி நேரத்துக்கு ஒருமுறை மருத்துவர் தருவார். செந்தேளுக்கென்று தனி விஷமுறிவு மருந்தும் இந்தியாவில் தயாராகிறது, எல்லா ஆஸ்பத்திரியிலும் இருக்காது. மருந்து கொடுத்தபின் பிள்ளையை எழுப்பி நடக்கவிடக் கூடாது, அழுத்தம் சட்டென்று இறங்கும். தாத்தாவின் பிபி மாத்திரையை வீட்டில் உடைத்துக் கொடுப்பதும் கூடாது. கடையில் கிடைப்பது பெரும்பாலும் மெதுவாகக் கரையும் வகை. 108-ஐ அழைக்கும்போதே கொட்டிய நேரத்தைச் சொல்லுங்கள். போகிற ஆஸ்பத்திரியில் பிரசோசின் இருக்கிறதா என்று முன்கூட்டியே, இந்த வாரமே, கேட்டு வையுங்கள்.

இனி விறகுக்கு வருவோம். சுவரோரமாக அடுக்காதீர்கள், வீட்டிலிருந்து தள்ளி, தரையில் படாமல் கல் வைத்து அடுக்குங்கள். வாசல் விளக்குக்குப் பூச்சி வரும், பூச்சிக்குத் தேள் வரும். தேவையில்லாத நேரத்தில் அணைத்து வையுங்கள். வழவழப்பான டைல்ஸில் தேளால் ஏற முடியாது. வாசற்படியின் முகப்பில் ஒரு வரிசை ஒட்டினால் போதும். கட்டிலைச் சுவரிலிருந்து நகர்த்தி, கொசுவலையை மெத்தைக்கடியில் செருகுங்கள். கள்ளநோட்டு பார்க்கும் புறஊதா டார்ச்சை இருட்டில் அடித்தால் தேள் பச்சையாக ஒளிரும். படுக்கும் முன் ஒரு சுற்று பார்க்கலாம். ஆனால் அப்போதுதான் தோல் உரித்த தேள் ஒளிராது. டார்ச்சில் ஒன்றும் தெரியவில்லை என்று விறகை வெறுங்கையால் இழுக்காதீர்கள்.