நடிக்கத் துடிக்கும் பையனுக்கு லேப் டெக்னீஷியன் படிப்பா?

அம்மா, உங்கள் மகன் பிரேசிலின் சால்வடோர் நகரில் அரசுப் பள்ளியில் ஒன்பதாம் வகுப்புப் படிக்கிறான். நாடகம் எழுதுகிறான், நடிக்கிறான். சொந்தக்காரர்களோ டாக்டராக்கு என்கிறார்கள். உங்கள் கவலை நியாயமானது, அவர்கள் காட்டும் வழி நியாயமானதல்ல.

பிரேசிலில் மருத்துவப் படிப்பு ஆறு வருடம். தனியார் கல்லூரிகள் பலவற்றில் மாதக் கட்டணமே 10,000 ரெயாலைத் தாண்டுகிறது. 72 மாதத்துக்கு 7,20,000 ரெயால். விருப்பமில்லாத பிள்ளைக்காக வீட்டை அடகு வைக்காதீர்கள். யோசனை சொல்பவர்கள் தவணை கட்ட வரமாட்டார்கள்.

உங்கள் ஊர்க்காரர், நடிகர் லாசரோ ராமோஸைப் பாருங்கள். பதினைந்து வயதளவில் பாண்டோ டி தியாட்ரோ ஒலோடும் நாடகக் குழுவில் சேர்ந்தார். கூடவே நோயியல் லேப் டெக்னீஷியனுக்குப் படித்து அந்த வேலையும் பார்த்தார். 2002இல் 'மதாம் சத்தான்' படத்தின் நாயகன். 2011இல் தான் மேடையில் இயக்கிய ஒரு நாடகத்தையே பிறகு 'மெதிதா ப்ரொவிசோரியா' என்ற படமாக்கினார். திரைக்கதையிலும் அவர் பங்கு உண்டு. எல்லோருக்கும் அந்த உயரம் கிட்டாது. ஆனால் ஒரு கைத்தொழிலும் ஒரு நாடகக் குழுவும் சேர்ந்த அந்தத் தொடக்கம் உங்கள் வீட்டுக்கும் எட்டும்.

பள்ளிப் படிப்போடு தொழிற்படிப்பையும் சேர்த்துத் தரும் 'இன்டெக்ராடோ' வகுப்புகள் அரசு நிறுவனங்களில் இலவசம். லேப் பிரிவென்றால் ரத்தம் எடுப்பது, வேகமாகச் சுழலும் சென்ட்ரிஃபியூஜ் கருவியில் ரத்தத்தின் தெளிந்த நீரான சீரத்தைப் பிரிப்பது, ஸ்லைடுக்குச் சாயமேற்றிப் பார்ப்பது என்று கையால் செய்து பழகுவான். ரத்தத்தைக் கண்டால் மயங்குபவனா? மின்தொழில்நுட்பம் எடுக்கட்டும், மேடை விளக்குக்கும் அந்த அறிவு உதவும். 2008ஆம் ஆண்டுச் சட்டப்படி இந்த மாணவர்களின் பயிற்சிப் பணி நாளைக்கு 6 மணி நேரம், வாரத்துக்கு 30 மணி நேரத்துக்கு மேல் போகக் கூடாது. பகல் நேரப் பயிற்சியைக் கேட்டு வாங்குங்கள், மாலை ஒத்திகைக்கு மிஞ்சும். இரவு வகுப்பில் சேர்ந்தால் ஒத்திகை போய்விடும். பலர் சறுக்குவது இங்கேதான்.

நாடக நோட்டீஸ், நடிகர் பட்டியல், ஒப்பந்தம், பத்திரிகைச் செய்தி எல்லாவற்றையும் தேதியோடு ஒரு ஃபைலில் போட்டு வையுங்கள். நடிப்பு டிப்ளமோ இல்லாதவர்களும் கலைஞர் தொழிற்சங்கத்தின் தகுதிச் சான்றோடு தொழில்முறை நடிகராகப் பதிவு செய்ய 1978ஆம் ஆண்டின் 6.533ஆம் எண் சட்டம் வழிவிடுகிறது. அப்போது பேசப்போவது அந்த ஃபைல்தான். வாய்ப்புத் தருகிறோம், முதலில் புகைப்பட ஆல்பத்துக்குப் பணம் கட்டுங்கள் என்கிற ஏஜென்சிக்குக் கதவைத் திறக்காதீர்கள்.

கடைசி வருடமான இந்த ஒன்பதாம் வகுப்புக்கு மட்டும் தனியார் பள்ளிக்கு மாற்றச் சொந்தக்காரர்கள் சொல்கிறார்களே, அதற்கு உறுதியாக மறுத்துவிடுங்கள். 2012ஆம் ஆண்டின் 12.711ஆம் எண் சட்டப்படி 'இன்டெக்ராடோ' வகுப்புகள் நடக்கும் கூட்டாட்சித் தொழில்நுட்ப நிறுவனங்களில் பாதி இடங்கள், ஒன்பதாம் வகுப்பு வரை முழுக்க அரசுப் பள்ளியில் படித்தவர்களுக்கு. ஒரு வருடம் மாறினாலும் அந்த உரிமை போய்விடும். இந்த வாரமே பள்ளியில் போய் எல்லா வருடங்களின் படிப்புச் சான்றையும் கேட்டு வாங்குங்கள்.